பார்த்துக்கொள்கிறேன்

என் நாவல் ஒன்றில், கணவனோடு மனஸ்தாபம் கொண்ட ஒரு பெண், "நீங்கள் என்னைக் கேர் பண்ணுவதே இல்லை" என்று சொல்லிவிட்டு அழுவாள். அதை எழுதியபோது எனக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. இந்தக் காலத்துப் பெண் இப்படித்தானே பேசுவாள் என்று நினைத்துக்கொண்டேன்.

புத்தகம் வெளியாகிச் சில மாதங்கள் கழித்து ஓசூரிலிருந்து ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் ஓய்வு பெற்ற பள்ளி ஆசிரியர். பாராட்டுக்கு ஒரு வரி ஒதுக்கியிருந்தார். மீதி இரண்டு பக்கமும் அந்த ஒரே சொல்லைப் பற்றி. "அந்தப் பெண் கேட்டது என்ன? அன்பா, கவனிப்பா, காவலா, மரியாதையா? அவளுக்கும் தெரியவில்லை, அவள் புருஷனுக்கும் தெரியவில்லை. உங்களுக்காவது தெரியுமா? எங்கள் ஊருக்கு ஒரு நடை வாருங்கள். இங்கே மூன்று மொழிக்காரர்கள் ஒரே டீக்கடையில் நிற்கிறார்கள். அவர்கள் எல்லாரிடமும் அதற்குச் சொல் இருக்கிறது" என்று எழுதியிருந்தார்.

நான் புலவன் அல்லன். கல்லூரியில் இரண்டு வருஷம் உட்கார்ந்துவிட்டு வெளியே வந்தவன். மொழிநூல் என்றால் இன்றைக்கும் ஒரு பயம் உண்டு. ஆனாலும் வாத்தியார் கேட்ட கேள்விக்கு விடை தெரியாமல் விழிப்பது பழைய அவமானங்களை ஞாபகப்படுத்துகிற காரியம். ஆகவே முதலில் அகராதியைப் பிரித்தேன்.

பிரித்ததும் ஓர் ஆச்சரியம். 'கேர்' என்ற சொல் பிறந்தபோது அதற்கு அன்பு என்றும் பொருள் இல்லை, கவனிப்பு என்றும் பொருள் இல்லை. சுமார் ஆயிரம் வருஷங்களுக்கு முந்தின பழைய ஆங்கிலத்தில் அதன் மூதாதைக்குத் துக்கம் என்று பொருள். வினையாக வந்தால் துக்கப்படுவது, மனம் கலங்குவது. அதன் உறவுச் சொல் ஒன்று ஜெர்மன் மொழியில் இன்னும் இருக்கிறது. நாம் பெரிய வெள்ளி என்று சொல்லும் நாளை, ஏசு சிலுவையில் உயிர்விட்ட நாளை, ஜெர்மானியர் 'கார்ஃப்ரைடாக்' என்பார்கள். புலம்பல் வெள்ளி என்று அர்த்தம். அங்கே புலம்பலாக நிற்கும் அந்தக் 'கார்'தான் இங்கே நம் கதாநாயகியின் வாயில் 'கேர்' ஆக வந்து நிற்கிறது.

இப்போது நாம் 'கேர்ஃபுல்' என்றால் ஜாக்கிரதை என்று எடுத்துக்கொள்கிறோம். பழைய ஆங்கிலத்தில் அது துக்கம் நிறைந்தவன் என்று பொருள்பட்டது. 'கேர்லெஸ்' என்பவன் அன்று அசட்டைக்காரன் அல்லன், கவலையற்ற பாக்கியசாலி! பிறகு மெள்ள மெள்ளப் பொருள் நகர்ந்தது. துக்கப்படுவது என்பது ஒருவரைக் குறித்துக் கவலைப்படுவதாயிற்று. கவலைப்படுகிறவன் சும்மா இருப்பானா? எழுந்து போய் ஏதாவது செய்வான். அந்தச் செய்கைக்கும் அதே சொல் பெயராகிவிட்டது. நோயாளிக்குக் கஞ்சி காய்ச்சிக் கொடுப்பதும் கேர், குழந்தைக்குப் போர்வை போர்த்துவதும் கேர். கடைசியில் கடித உறையில் 'கேராஃப்' என்று ஒட்டிக்கொண்டது. இன்னாருடைய பராமரிப்பில் இருக்கும் இன்னாருக்கு என்பதுதான் அந்த இரண்டு எழுத்துக்கும் கோட்டுக்கும் உள்ள விரிவு. நம் ஊரில் அது 'கேராஃப் பிளாட்பாரம்' வரைக்கும் வந்துவிட்டது. யாருடைய பராமரிப்பிலும் இல்லாதவனுக்குப் பிளாட்பாரம் கார்டியனாக இருக்கிறது!

இங்கே ஒரு சின்ன எச்சரிக்கை. லத்தீனில் 'கூரா' என்று ஒரு சொல் உண்டு. அதற்கும் கவலை, பராமரிப்பு என்றுதான் பொருள். ஒலியும் கிட்டத்தட்ட ஒன்று. ஆனால் 'கேர்' அதற்குப் பிறந்த பிள்ளையல்ல என்கிறார்கள் அறிஞர்கள். முகஜாடை ஒன்றாக இருந்தும் இரண்டும் வெவ்வேறு வீட்டுப் பிள்ளைகள். கூராவின் வம்சத்தில் வந்தவை வேறு. நோயைக் குணப்படுத்தும் 'க்யூர்' அதில் ஒன்று. இன்னொன்றை வைத்துக்கொண்டுதான் பின்னால் எனக்கு ஒரு வேலை இருக்கிறது.

துக்கத்திலிருந்து பரிவு பிறப்பது ஆங்கிலேயருக்கு மட்டும் நேர்ந்ததல்ல. பரிவு என்கிற நம் சொல்லையே பாருங்கள். இன்று அது அன்பும் இரக்கமும். பழைய நூல்களில் அதற்கு வருத்தம், துன்பம் என்ற பொருளும் உண்டு. 'பிள்ளையை நினைத்தால் கவலையாக இருக்கிறது' என்று ஒரு தாய் சொன்னால், அதில் எவ்வளவு வருத்தம், எவ்வளவு பாசம் என்று யாரால் பிரித்துச் சொல்ல முடியும்? எங்கள் வடக்குச் சீமையில் கிணற்றிலிருந்து மாடு கட்டி நீர் இறைக்கும் ஏற்றத்துக்கும் கவலை என்றுதான் பெயர். மாடுகள் சரிவில் இறங்கும், பின்னோக்கி ஏறும், மறுபடி இறங்கும். மனக்கவலைக்கும் அதற்கும் சொல்வழியில் உறவு இருக்கிறதோ இல்லையோ, வேலையில் இருக்கிறது. முன்னும் பின்னுமாக நடந்து நடந்துதான் பயிருக்குத் தண்ணீர் பாய்கிறது.

இவ்வளவையும் ஒரு நோட்டில் குறித்துக்கொண்டு ஓசூருக்குப் பஸ் ஏறினேன்.

ஓசூர் என்ற பெயரே கன்னடம். 'ஹொச ஊரு', அதாவது புது ஊர். பெங்களூரிலிருந்து சுமார் 40 கிலோமீட்டர். அத்திப்பள்ளியை எட்டினால் கர்நாடகம். கிருஷ்ணகிரியை உள்ளிட்ட பாராமகால் 1792-ல் திப்பு சுல்தானிடமிருந்து கும்பினியாருக்குப் போயிற்று. 1799-ல் திப்பு விழுந்த பிறகு மேட்டுநிலமான ஓசூர்ப் பக்கமும் போயிற்று. 1956-ல் மொழிவாரியாக மாநிலங்களைப் பிரித்தபோது ஓசூர் சென்னை ராஜ்யத்தோடு நின்றது. கோடு போட்டவர்கள் காகிதத்தில் போட்டார்கள். வீடுகளுக்குள் அந்தக் கோடு புகவில்லை. கன்னடம் பேசும் மாமியார், தெலுங்கு பேசும் மருமகள், தமிழில் பாடம் படிக்கும் பேரன் என்று ஒரே கூரையின் கீழ் மூன்றும் நடக்கிறது. ராஜாஜி பிறந்த தொரப்பள்ளி இந்த ஊருக்குப் பக்கத்தில்தான் இருக்கிறது.

1971-ல் சிப்காட் ஏற்பட்டது. அந்தப் பத்தாண்டில் ஓசூரில் தொழிற்பேட்டை எழுந்தது. கேழ்வரகும் அவரையும் விளைந்த காட்டில் லாரியும் மோட்டார் சைக்கிளும் விளைய ஆரம்பித்தன. 1984-ல் டாட்டாவும் தமிழ்நாடு அரசின் டிட்கோவும் சேர்ந்து டைட்டன் நிறுவனத்தைத் தொடங்கி, இங்கே கைக்கடிகாரம் செய்யத் தொழிற்சாலை வைத்தார்கள். ஊரைச் சுற்றி ரோஜாத் தோட்டங்கள். பிப்ரவரி மாதக் காதலர்களுக்காக இங்கிருந்து பூ விமானம் ஏறுகிறது.

ஆசிரியர் பஸ் நிலையத்துக்கே வந்திருந்தார். ஒல்லியான மனிதர். கையில் குடை. காபி கூட வாங்கித் தராமல், "முதலில் நடப்போம் சார்" என்று தொழிற்பேட்டைப் பக்கம் அழைத்துக்கொண்டு போனார். ஷிப்ட் மாறும் நேரம். கம்பெனி பஸ்கள் வரிசையாக வந்து நின்றன. கழுத்தில் அடையாள அட்டை தொங்கும் பெண்கள், இருபது வயதுகூட நிரம்பியிராத முகங்கள், தூக்கக் கலக்கத்தோடு சிலர் இறங்க, தலை வாரிப் பூ வைத்துச் சிலர் ஏறினார்கள்.

ஒரு வாசலில் நீல உடுப்பு அணிந்த காவலர் நின்றார். ஆசிரியர் அவரைக் காட்டி, "இவரை இந்தக் காலத்தில் என்னவென்று கூப்பிடுகிறோம்?" என்றார்.

"செக்யூரிட்டி."

"முன்பு?"

"வாட்ச்மேன்."

"இரண்டுக்கும் அகராதி பார்த்தீர்களா?"

பார்த்திருந்தேன். என் நோட்டைப் பிரித்தேன். நான் மேலே சொன்ன லத்தீன் கூராவுக்கு இங்கேதான் வேலை. கூராவின் முன்னால் 'இல்லாமல்' என்று பொருள்படும் 'சே' என்ற சிறு சொல்லைச் சேர்த்தால் 'செக்யூர்' வருகிறது. செக்யூர் என்றால் கவலையில்லாத என்று அர்த்தம். செக்யூரிட்டி என்றால் கவலையின்மை. யாருக்குக் கவலையின்மை? உள்ளே இருப்பவர்களுக்கு. வாசலில் நிற்கிறவருக்கு அந்த அர்த்தம் கொஞ்சமும் பொருந்தாது. உள்ளே இருக்கிறவர்களின் கவலை முழுவதையும் வாங்கித் தம் தலையில் வைத்துக்கொண்டவருக்குக் கவலையின்மை என்று பெயர் வைத்திருக்கிறோம்!

'வாட்ச்' இன்னும் விசேஷம். பழைய ஆங்கிலத்தில் அந்த வினைக்கு முதல் பொருள் பார்ப்பது அல்ல, தூங்காமல் இருப்பது. தூக்கத்திலிருந்து எழுவதைச் சொல்லும் 'வேக்' என்ற சொல்லும் இதுவும் உடன்பிறப்புகள். தூங்காமல் இருந்தவன் காவல்காரன் ஆனான். அவன் விழித்திருந்த நேரம், நம் சாமம் மாதிரி, இரவின் ஒரு கூறுக்குப் பெயராயிற்று. பின்பு தூங்குகிறவனை எழுப்பிவிடும் கருவிக்குப் பெயராகி, பதினாறாம் நூற்றாண்டு வாக்கில் சட்டைப் பையில் எடுத்துப் போகும் சிறு கடிகாரத்துக்கு வந்து சேர்ந்தது. 'வெயிட்', அதாவது காத்திரு என்கிற சொல்லும் பிரெஞ்சு வழியாகச் சுற்றி வந்தாலும் இதே குடும்பம்தான். ஆக, ஊருக்கெல்லாம் வாட்ச் செய்து கொடுக்கும் ஓசூரில், இரவெல்லாம் வாட்ச் செய்யும் மனிதர் ஒருவர் எங்கள் முன்னால் நின்றுகொண்டிருந்தார். இருவருக்கும் பெயர் கொடுத்தது விழித்திருத்தல் என்ற ஒரே வினை.

இதை ஆசிரியரிடம் விளக்கிக்கொண்டிருந்தபோதே என் குரல் கொஞ்சம் தடுமாறிற்று. காரணம் அவருக்குத் தெரியாது. இங்கே சொல்லிவிடுகிறேன்.

சில வருஷங்களுக்கு முன்பு என் தகப்பனார் இந்த வட்டாரத்தில் ஓர் ஆஸ்பத்திரியில் கிடந்தார். எந்த ஆஸ்பத்திரி என்பது வேண்டாம். துணைக்கு நான் ஒருவன்தான். இரண்டு இரவு கண் விழித்தேன். மூன்றாம் நாள் வராந்தாவில் செய்தித்தாளை விரித்து, ஐந்து நிமிஷம் முதுகைச் சாய்க்கலாம் என்று சாய்ந்தவன், விழித்தபோது விடிந்திருந்தது. அடித்துப் பிடித்துக்கொண்டு உள்ளே ஓடினேன். அப்பா தூங்கிக்கொண்டிருந்தார். கட்டிலுக்கு அருகே ஸ்டூலில் வாசல் வாட்ச்மேன் உட்கார்ந்திருந்தார். என்னைவிடப் பத்து வயது மூத்தவராக இருக்கும். இரவில் அப்பா தண்ணீர் கேட்டுக் கூப்பிட்டிருக்கிறார். வார்டில் யாரும் இல்லை. நான் தூங்கிக்கொண்டிருக்கிறேன். சுற்று வந்த இவர் காதில் விழுந்திருக்கிறது. தண்ணீர் கொடுத்து, சரிந்த தலையணையை நிமிர்த்தி வைத்து, மறுபடி கூப்பிட்டால் என்ன செய்வது என்று, வாசலுக்கும் கட்டிலுக்குமாக நடந்துகொண்டே இருந்திருக்கிறார்.

நான் ஏதோ உளறினேன். மன்னிப்பா, நன்றியா என்று எனக்கே தெரியாத ஒன்று. அவர் எழுந்து, தொப்பியை எடுத்துக்கொண்டு, "பரவாகில்லா தம்பி, நானு நோடிகொண்டே" என்று சொல்லிவிட்டு டியூட்டி முடிந்து போய்விட்டார். கன்னடக்காரர். எல்லைக்கு அப்பால் ஏதோ கிராமம்.

அப்பா பிழைத்து வீட்டுக்கு வந்து நாலு வருஷம் இருந்தார். அந்த நாலு வருஷமும் அடிக்கடி கேட்பார்: "அந்த ஆள் பெயர் என்னடா?" எனக்குத் தெரியாது. நான் கேட்டுக்கொள்ளவில்லை.

ஆசிரியர் அப்புறம் என்னை டீக்கடைக்கு அழைத்துப் போனார். கடிதத்தில் எழுதியதை நிரூபிக்க வேண்டாமா? கடைக்காரருக்குத் தாய்மொழி தெலுங்கு. டீ குடிக்க வந்த லாரி டிரைவர் கன்னடம். ஆசிரியர் கேட்டார்: "ஊருக்குப் போகிறீர்கள். வீட்டில் வயதான அம்மா. பக்கத்து வீட்டுக்காரரிடம் என்ன சொல்லிவிட்டுப் போவீர்கள்?"

கடைக்காரர் யோசிக்கவே இல்லை. "அம்மனி சூசுகோண்டி" என்றார்.

டிரைவர், "அம்மன்ன நோடிகொள்ளி" என்றார்.

"நாம்?" என்று என்னைப் பார்த்தார் ஆசிரியர்.

"அம்மாவைப் பார்த்துக்கொள்ளுங்கள்."

மூன்று மொழி, மூன்று வெவ்வேறு வேர். சூடு, நோடு, பார். ஆனால் அச்சு ஒன்று. மூன்றிலும் முதல் சொல் கண்ணின் வேலை. இரண்டாம் சொல் 'கொள்', கையின் வேலை. பார் என்றால் வெறும் பார்வை. வழியில் போகிற எவனும் எதையும் பார்க்கலாம். கொள் என்பது சேர்ந்ததும் அது பொறுப்பு ஆகிவிடுகிறது. பார்த்ததை வாங்கி உன்னுடையதாக்கிக்கொள் என்று சொல்லுகிறோம். ஆங்கிலத்திலும் 'லுக் ஆஃப்டர்' என்று ஒரு வழக்கு உண்டு. பின்னாலேயே பார்வையைச் செலுத்துவது. அதிலும் கண் இருக்கிறது. ஆனால் அதில் நம் 'கொள்' இல்லை.

ஆங்கிலேயனின் கேர் நெஞ்சில் துக்கமாகத் தொடங்கிக் கைக்கு வந்தது. நம்முடையது கண்ணில் தொடங்கிக் கைக்கு வருகிறது. நெஞ்சைப் பற்றிப் பேச்சே இல்லை. 'நேசிக்கிறேன்' என்று நம் ஊரில் ஒருவரும் சொல்லுவதில்லை என்று நவீன இளைஞர்கள் குறைப்படுகிறார்கள். நிஜம்தான். ஆனால் கல்யாணப் பந்தலில் பெண்ணைப் பெற்றவர் மாப்பிள்ளையின் கையைப் பிடித்துக்கொண்டு தழுதழுத்த குரலில் என்ன சொல்கிறார்? 'பார்த்துக்கொள்ளுங்கள் மாப்பிள்ளை.' அவ்வளவுதான். இது இன்று நேற்று ஏற்பட்டதல்ல. பழைய அகப்பொருள் மரபில் தோழி தலைவியைத் தலைவனிடம் ஒப்படைத்துச் சொல்லும் கட்டத்துக்கே ஓம்படை என்று பெயர். ஓம்புதல் என்றால் பேணிக் காத்தல். விருந்தோம்பல் என்று வள்ளுவர் ஓர் அதிகாரத்துக்குப் பெயர் வைத்தாரே, அந்த ஓம்பல்தான். சொல் மாறிவிட்டது, பந்தலில் கையைப் பிடித்துக்கொள்ளுகிற அந்த நடுக்கம் மாறவில்லை.

ஆனால் கண்ணை நம்பிய சொல்லுக்கு ஓர் ஆபத்தும் உண்டு. கண் அன்போடும் பார்க்கும், அதிகாரத்தோடும் பார்க்கும். கண்காணி என்று ஒரு சொல். கண்ணால் காண்பவன். சோழர் காலத்துக் கல்வெட்டுகளில் கோயில் காரியங்களை மேற்பார்ப்பவரைச் சொல்ல அது வருகிறது. கிரேக்கத்தில் இதே போல 'மேலிருந்து பார்ப்பவர்' என்று பொருள்படும் சொல்தான் தேய்ந்து தேய்ந்து ஆங்கிலத்தில் பிஷப் ஆயிற்று. அங்கே அது மேய்ப்பரின் பட்டமாக உயர்ந்தது. நம் கண்காணியோ கங்காணியாகி, பத்தொன்பதாம் நூற்றாண்டில் கப்பலேறிற்று. இலங்கையின் காப்பி, தேயிலைத் தோட்டங்களுக்கும், பிறகு மலேயாவின் ரப்பர்த் தோட்டங்களுக்கும் கூலி ஆட்களைக் கூட்டிக்கொண்டு போனவர் கங்காணி. ஊரை விட்டுப் புறப்படும்போது, 'உங்கள் பிள்ளைகளை நான் பார்த்துக்கொள்கிறேன்' என்று பெற்றவர்களிடம் சொல்லித்தான் அழைத்துப் போயிருப்பார். போன இடத்தில் அந்தப் பார்வை முன்பணக் கடனாகவும், ஆள் கணக்காகவும், பிரம்பாகவும் மாறிற்று. 1938-ல் இந்திய அரசாங்கம் மலேயாவுக்குக் கூலிகளை அனுப்புவதை நிறுத்தியதோடு அங்கே அந்த முறை முடிவுக்கு வந்தது. சொல் மட்டும் ஆங்கில அகராதியில் 'கங்கனி' என்று ஏறி உட்கார்ந்துவிட்டது.

கவனிப்பின் கதை இதைவிட வேடிக்கை. கவனம் என்பது வடமொழியின் கமனம், அதாவது செல்லுதல் என்பதிலிருந்து வந்ததென்று அகராதி சொல்லும். கன்னடத்திலும் தெலுங்கிலும் கமனம் என்றே அதைச் சொல்கிறார்கள். மனம் ஒன்றின்பால் செல்லுவது கவனம். எவ்வளவு அழகான எண்ணம்! அதை நாம் எந்த இடத்துக்குக் கொண்டுவந்திருக்கிறோம் பாருங்கள். 'விருந்தாளியைக் கவனி' என்றால் இலை போடுகிறோம். 'அதிகாரியைக் கவனி' என்றால் கவர் நீட்டுகிறோம். 'அவனை ஒரு நாள் கவனிக்கிறேன்' என்றால் கையை முறுக்குகிறோம். சோறு, லஞ்சம், அடி மூன்றுக்கும் ஒரே சொல்லை வைத்துக்கொண்டிருக்கிறோம். என் கதாநாயகி கேர் என்றதைக் குறை சொல்லுகிறவர்கள் இதையும் எண்ணிப் பார்க்கலாம்.

இதைச் சொன்னதும் ஆசிரியர் சிரித்துவிட்டு, "சொல் அழுக்காவது நம் கையால்தான் சார். கழுவிப் பார்க்கலாம் வாருங்கள்" என்று மறுநாள் காலையில் என்னைக் கிருஷ்ணகிரிக்கு அழைத்துப் போனார். 2004-ல் தருமபுரியிலிருந்து பிரிந்து தனி மாவட்டமான ஊர். அங்கே அரசு அருங்காட்சியகத்தில் நடுகற்களின் முன்னால் நிறுத்தினார்.

இந்தச் சீமை நடுகல் சீமை. தருமபுரி, கிருஷ்ணகிரி, செங்கம் என்று காட்டோரம், ஏரிக்கரை, வயல் வரப்பு எங்கும் அவை நிற்கின்றன. மாடுதான் அன்றைக்குச் செல்வம். பகைவர் வந்து மாட்டை ஓட்டிப் போவார்கள். ஊர் இளைஞர்கள் பின்தொடர்ந்து மீட்பார்கள். கவர்வதற்கு வெட்சி, மீட்பதற்குக் கரந்தை என்று பூப்பெயர் சூட்டினார்கள் இலக்கணக்காரர்கள். மீட்கப் போய் இறந்தவனுக்கு ஊரார் கல் நட்டார்கள். மந்தைக்குக் கல்வெட்டுத் தமிழில் தொறு என்று பெயர், பழங்கன்னடத்தில் துறு. அங்கே வீரகல்லு, இங்கே நடுகல். எல்லைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் மாடு ஒன்று, கள்ளன் ஒன்று, சாவும் ஒன்று. புலியோடு மல்லுக்கட்டி இறந்தவனுக்கு இருபுறமும் கல் உண்டு. இந்தப் பக்கத்தில் அதைப் புலிக்குத்திக் கல் என்பார்கள்.

ஆசிரியர் பையிலிருந்து ஒரு புகைப்படத்தை எடுத்தார். செங்கம் வட்டாரத்து எடுத்தனூரில் கிடைத்த நடுகல். ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், மகேந்திரவர்ம பல்லவன் காலத்தில் வெட்டியது. கருந்தேவக்கத்தி என்ற வீரன் தன் எருமைகளுக்காக நின்று உயிர்விட்டான். கல்லில் அவன் உருவம் இருக்கிறது. பக்கத்தில் ஒரு நாயும் இருக்கிறது. அதற்கும் தனியாக எழுத்துப் பொறித்திருக்கிறார்கள். அந்த நாயின் பெயர் கோவிவன். இரண்டு கள்ளரைக் கடித்தது. எஜமானன் அருகே காத்திருந்தது.

"காத்திருந்தது என்றால் காவலாக இருந்தது. அப்போது அதுதான் பொருள்" என்றார் ஆசிரியர். "இன்று நாம் பஸ்ஸுக்குக் காத்திருக்கிறோம்."

நான் கன்னடத்தை நினைத்தேன். அங்கேயும் 'காயு' என்றால் காவல் காப்பதும் உண்டு, எதிர்பார்த்து நிற்பதும் உண்டு. ஆங்கிலத்தின் வெயிட் என்ற சொல்லும் காவலாக இருந்து காத்திருப்பாக மாறியதை முன்பே சொன்னேன். ஒருவரோடொருவர் கலந்து பேசிக்கொள்ளாத ஜனங்கள் எல்லாரும் ஒரே முடிவுக்கு வந்திருக்கிறார்கள். காப்பது என்றால் இடத்தை விட்டு நகராமல் விழித்திருப்பது.

கன்னட நாட்டிலும் இப்படி ஒரு நாய் உண்டு. மாண்டியாப் பக்கம் ஆதகூரில் கிடைத்த கல், ஏறக்குறைய 950-ல் பொறித்தது. காளி என்ற வேட்டை நாய் ஒரு பன்றியோடு போராடி, இரண்டும் மடிந்தன. அதற்காகக் கல் எடுத்தார்கள். அரசர்களின் போர்ச் செய்தியும் அதே கல்லில் இருக்கிறது. நாயின் பெயரும் இருக்கிறது.

கோவிவன், காளி. ஒன்று ஆயிரத்து நானூறு வருஷத்துப் பெயர். மற்றொன்று ஆயிரத்துச் சொச்சம். தன் மந்தையைக் காத்த நாய்க்கு ஊர் கூடிப் பெயரைக் கல்லில் வெட்டி வைத்திருக்கிறது. காட்டில் ஆடு மாடு மேய்த்து வாழ்ந்த ஜனங்கள். நம்மைப் போலப் படித்தவர்கள் அல்ல. நான் படித்தவன், எழுத்தாளன் என்று பெயர் வாங்கியவன். என் தகப்பனாருக்கு ஓர் இரவு முழுதும் விழித்திருந்த மனிதரின் பெயரை நான் கேட்கவில்லை.

இதை ஆசிரியரிடம் அப்போதுதான் சொன்னேன். அவர் சற்று நேரம் பேசாமல் இருந்தார். பிறகு புகைப்படத்தைப் பைக்குள் வைத்துக்கொண்டே, "அவர் பார்த்துக்கொண்டார். நீங்கள் பார்த்தீர்கள்" என்றார். வாத்தியார் அடித்தால் எங்கே வலிக்கும் என்று வாத்தியாருக்குத் தெரியும்.

திரும்பும் வழியில் அந்த ஆஸ்பத்திரிக்குப் போனேன். வாசலில் வேறு ஆள், வேறு உடுப்பு. காவலுக்கு இப்போது வேறு ஏஜென்ஸி என்றார்கள். பழைய ஆட்களைப் பற்றி யாருக்கும் தெரியவில்லை. ஓர் இளைஞர் மரியாதையாக, "என்ன சார் விஷயம், ஏதாவது காணாமல் போய்விட்டதா?" என்று கேட்டார். ஆமாம் என்று சொல்லத் தோன்றிற்று. ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டு வந்தேன்.

இரவு ஓசூர் பஸ் நிலையத்தில் ஒரு காட்சி. கிராமத்திலிருந்து வந்த ஒரு தாய், வேலைக்குச் சேரப் போகும் மகளை விடுதிக்கு அழைத்துச் செல்ல வந்த அம்மாளிடம் ஒப்படைத்துக்கொண்டிருந்தாள். கையில் ஒரு டிரங்குப் பெட்டியும் ஊறுகாய் பாட்டிலும். தாய் பேசியது தமிழ். விடுதி அம்மாள் பேசியது தெலுங்கு கலந்த தமிழ். தாய் நீளமாக ஏதேதோ சொன்னாள். பெண்ணுக்குத் தயிர் ஒத்துக்கொள்ளாது, இருட்டென்றால் பயம், யாரிடமும் வாய் திறந்து கேட்கமாட்டாள் என்றெல்லாம். விடுதி அம்மாள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு, கடைசியில் ஒரே சொல்லில் பதில் சொன்னாள்.

"பார்த்துக்கொள்கிறேன்."

அந்தத் தாயின் முகம் தெளிந்ததைப் பார்த்தேன். கூராவின் பிள்ளையான செக்யூரிட்டிக்குக் கவலையின்மை என்று அகராதி சொன்ன பொருள் எனக்கு அப்போதுதான் புரிந்தது. ஒருத்தி வாங்கிக்கொண்டாள், இன்னொருத்திக்கு இறங்கிற்று. அந்தச் சொல் ஓம்படையாக நிற்குமா, கங்காணியாகத் திரியுமா என்பதை அந்தப் பெட்டி போய்ச் சேரும் அறையில் வரப்போகிற இரவுகள்தான் சொல்ல வேண்டும்.

ஆசிரியருக்குப் பதில் எழுத எனக்கு ஒரு மாதம் ஆயிற்று. நாவலின் அடுத்த பதிப்புக்கு அந்த இடத்தைத் திருத்தி எழுதி, ஒரு பிரதி எடுத்து அவருக்கு அனுப்பினேன். இப்போது அந்தப் பெண் அழுவதில்லை. கணவனை நிமிர்ந்து நோக்கி ஒரு வாக்கியம்தான் சொல்கிறாள்.

"நீங்கள் என்னைப் பார்க்கிறீர்கள், பார்த்துக்கொள்வதில்லை."